மிச்ச நேரம் என்று ஒன்று இல்லை

எங்கள் தெருவில் ஒரு பையன் இருக்கிறான். பையன் என்றால் இருபத்தைந்து வயசு. அமெரிக்காக்காரன் பகலில் விழித்திருக்கிறான் என்பதற்காக இவன் ராத்திரியில் விழித்திருக்கவேண்டும், அப்படிப்பட்ட உத்தியோகம். புத்தகம் படிக்கிற பழக்கம் மட்டும் இன்னும் அவனை விட்டுப் போகவில்லை. ஆகவே ஞாயிற்றுக்கிழமைகளில் என் வீட்டுப் படியேறுவான். சென்ற மாதம் ஒருநாள் கையில் ஓர் ஆங்கில நாவலோடு வந்தான். டெர்ரி பிராட்செட் எழுதிய 'தீஃப் ஆஃப் டைம்'. 2001-இல் வெளிவந்தது. 'காலத் திருடன்' என்று தமிழில் சொல்லலாம்.

"படித்திருக்கிறீர்களா, ஸார்?"

"படித்திருக்கிறேன்."

"என்ன கற்பனை, ஸார்! இந்த மாதிரிச் சந்நியாசிகள் நிஜமாகவே இருந்தால் எவ்வளவு நன்றாக இருக்கும்! எங்கள் வீட்டையே எடுத்துக்கொள்ளுங்களேன். பாட்டி காலையில் ஜன்னலோரம் உட்கார்ந்தால் ராத்திரி வரைக்கும் அங்கேயேதான். அவளுக்கு எதற்கு ஸார் இருபத்துநாலு மணி நேரம்? அதில் ஒரு பத்து மணியை எடுத்து என் பக்கம் திருப்பிவிட்டால் நான் தூங்கவாவது தூங்குவேன்."

சொல்லிவிட்டுச் சிரித்தான். நானும் சிரித்தேன். அவன் போன பிறகுதான் எனக்குச் சுருக்கென்றது. நல்ல பையன். பாட்டிக்கு மாத்திரை வாங்கித் தருகிறவன். அவன் வாயில் இந்த வார்த்தை எப்படி வந்தது? அந்தப் புத்தகத்திலிருந்து வந்தது. வேடிக்கையாகத்தான் வந்தது. வேடிக்கையாக வருகிற விஷயங்களுக்குத்தான் நம் வாசலில் சுங்கம் கிடையாது. ஆகையால் நானே வாசலில் நின்று கொஞ்சம் சோதனை போட்டுப் பார்ப்பது என்று தீர்மானித்தேன். அதுதான் இந்தக் கட்டுரை.

பிராட்செட்டை அறியாதவர்களுக்கு ஒரு வார்த்தை. இங்கிலாந்துக்காரர். 1948-இல் பிறந்து 2015-இல் மறைந்தார். தட்டுப்போல் தட்டையான ஓர் உலகத்தைக் கற்பித்தார். அந்தத் தட்டை நான்கு யானைகள் தாங்குகின்றன. யானைகளை ஒரு பிரம்மாண்டமான ஆமை தாங்கிக்கொண்டு வானவெளியில் நீந்துகிறது. 1983 தொடங்கி 2015 வரையில் இந்த 'டிஸ்க்வோர்ல்ட்' வரிசையில் 41 நாவல்கள். மேலுக்கு மாயாஜாலம்; உள்ளே போஸ்டாபீஸ், போலீஸ், பத்திரிகை, பாங்க் எல்லாவற்றையும் நக்கல் செய்கிற நுட்பமான மூளை. எனக்கு அவரிடம் நிறைந்த மதிப்பு உண்டு. மதிப்பில்லாதவர்களோடு நான் சண்டைக்குப் போவதில்லை. அது நேரத்துக்குப் பிடித்த கேடு.

அந்த உலகத்தில் மலைகளுக்கு நடுவே ஓய் டாங் என்று ஒரு மடம். அங்கே இருப்பவர்கள் சரித்திரத் துறவிகள். காவி கட்டியவர்கள். காலத்தைச் சமநிலையில் வைத்திருப்பது அவர்கள் கைங்கரியம். அதற்கென்று ஒரு சாஸ்திரம், பல வருஷப் பயிற்சி, குருகுல வாசம் எல்லாம் உண்டு. தேர்ந்த துறவி, நொடியைச் சீவி மெல்லிய பத்தையாக்கி அதற்குள் நடந்துபோவான். உலகம் அவனைச் சுற்றிச் சிலையாக நிற்கும். மடத்தின் மண்டபத்தில் வரிசை வரிசையாக உருளைகள் சுழன்றுகொண்டிருக்கின்றன. சிறியவை விரைவாக, பெரியவை மந்தமாக. ஓர் இடத்தில் அதிகமாகக் கிடக்கிற காலத்தை அந்த உருளைகள் சுற்றிச் சேமிக்கும். காலம் போதாத இடத்தில் அவிழ்த்துவிடும். ஆட்டம் கண்டால் ஓர் உருளையின் பாரத்தை இன்னோர் உருளைக்கு மாற்றவேண்டும். லாப்சாங் என்கிற புதுச் சீடன் ஒரு சமயம் மண்டபமே தறிகெட்டு ஓடும்போது அதைக் கட்டுக்குக் கொண்டுவருகிற இடம் இருக்கிறதே, பிரமாதம். ஒரு தொழிலை எழுதினால் இப்படி எழுதவேண்டும். வாசனை வருகிறது, இரைச்சல் கேட்கிறது, கை சுடுகிறது.

இந்தத் தொழில் ஞானம் அவருக்கு எங்கிருந்து வந்தது என்று யோசித்தேன். நாவலாசிரியர் ஆவதற்கு முன்னால் அவர் பத்திரிகை நிருபர். அப்புறம் 1987 வரையில் இங்கிலாந்தின் மத்திய மின் உற்பத்தி வாரியத்தில் பத்திரிகைத் தொடர்பு அதிகாரி. அணுமின் நிலையங்களைப் பற்றி ஜனங்களுக்குச் சமாதானம் சொல்லுகிற வேலை. அவர் எங்கும் சொன்னதாக நான் படிக்கவில்லை. இது என் ஊகம்தான். அந்த மண்டபம் ஒரு மின்சார வாரியம். ஓர் ஊரில் மின்சாரம் உபரி; இன்னோர் ஊரில் தட்டுப்பாடு; நடுவில் கம்பி இழுத்து, கட்டுப்பாட்டு அறையில் உட்கார்ந்து, இங்கே கூட்டி அங்கே குறைத்துச் சமன் செய்கிறார்கள். அதே ஏற்பாட்டைக் காலத்துக்குப் பொருத்திவிட்டார்.

இங்கேதான் என் முதல் ஆட்சேபணை. மின்சாரத்துக்கு முகம் கிடையாது. அருவியில் எடுத்ததும் நிலக்கரியில் எடுத்ததும் விளக்குக்குள் வந்துவிட்டால் ஒன்றுதான். காலம் அப்படியா? ஒரு தாய் தொட்டிலருகே விழித்திருந்த மணியும், ஒரு குமாஸ்தா ரயிலுக்குக் காத்திருந்த மணியும் ஒரே சரக்கா? ஒன்றை எடுத்து ஒன்றில் ஊற்ற முடியுமா? அந்த மடத்தின் ஆதிகுருவுக்கு வென் என்று பெயர். நித்தியமும் வியந்துகொண்டே இருந்தவர் என்று அவருக்குப் பட்டம். உலகம் நொடிக்கு நொடி புதிதாகப் படைக்கப்படுகிறது, ஆகவே ஒவ்வொரு நொடியும் ஆச்சரியப்படத் தக்கது என்பது அவர் கண்டது. நல்ல ஞானம். அந்த ஞானம் உண்மையானால், ஒரு நொடியை எடுத்து உருளையில் சுற்றி வைத்து அப்புறம் இன்னொருவனுக்குக் கொடுப்பது எப்படி? உபதேசம் ஒன்று, உருளை மண்டபத்தின் கணக்கு இன்னொன்று. மடங்களுக்கு இது புதிதில்லை என்று நீங்கள் சொல்லக்கூடும். வாஸ்தவம். ஆனால் பிராட்செட் இந்த முரண்பாட்டைச் சிரிப்போடு கடந்துபோய்விடுகிறார். நான் கடக்கத் தயாராக இல்லை.

இரண்டாவது ஆட்சேபணை இன்னும் கடுமையானது. இந்தத் துறவிகள் எங்கிருந்து எடுக்கிறார்கள், எங்கே கொடுக்கிறார்கள்? புத்தகத்தின் பின்னட்டையே பச்சையாகச் சொல்லிவிடுகிறது: காலம் வீணாகிற இடத்திலிருந்து எடுக்கிறார்கள், கடலடியை உதாரணம் காட்டி, ஒரு காட் மீனுக்கு அத்தனை நேரம் எதற்கு என்று கேட்கிறது. கொடுப்பது நகரங்களுக்கு, ஏனென்றால் அங்கேதான் யாருக்கும் நேரம் போதவில்லை.

சிரிப்பு வருகிறது. சிரித்து முடித்துவிட்டுப் பதில் சொல்லலாம். ஏனென்றால் அந்தக் கேள்விக்குப் பதில் இருக்கிறது. அவர்கள் வேறு எந்த மீனைச் சொல்லியிருந்தாலும் நான் சும்மா இருந்திருப்பேன். காட் மீனைச் சொல்லி மாட்டிக்கொண்டார்கள்.

கானடாவின் கிழக்குக் கோடியில் நியூஃபவுண்ட்லாந்து என்று ஒரு தீவு. அந்தக் கடலில் காட் மீன் நூற்றாண்டுக் கணக்காக மனிதர்களுக்குச் சோறு போட்டது. அந்தக் குளிர்ந்த நீரில் ஒரு காட் மீன் குஞ்சாகப் பிறந்து தானே முட்டையிடுகிற பருவத்துக்கு வர ஐந்தாறு வருஷம் ஆகிறது. இருபதாம் நூற்றாண்டின் பிற்பாதியில் பெரிய பெரிய இழுவைக் கப்பல்கள் வந்து, மீனுக்கு அந்த ஐந்தாறு வருஷத்தைக் கொடுக்காமல் வாரிக்கொண்டு போயின. கடைசியில் பிடிக்க மீன் இல்லை. 1992 ஜூலை 2-ஆம் தேதி கானடா அரசாங்கம் அங்கே காட் மீன்பிடித் தொழிலை நிறுத்தி உத்தரவு போட்டது. சுமார் 30,000 பேர் பிழைப்பை இழந்தார்கள். இரண்டே வருஷம் என்று சொல்லித்தான் மூடினார்கள். வர்த்தக மீன்பிடிப்பை மறுபடி அனுமதித்தது 2024-இல். முப்பத்திரண்டு வருஷம்!

காட் மீனுக்கு எவ்வளவு நேரம் வேண்டும் என்று இப்போது தெரிகிறதா? அதனிடம் இருந்தது அத்தனையும் வேண்டும். ஒரு நொடிகூட உபரி இல்லை. கரையில் நின்ற கணக்குப்பிள்ளைக்கு உபரியாகத் தெரிந்தது; அவ்வளவுதான். மடத்துத் துறவியும் அதே கரையில்தான் நிற்கிறார். காவி கட்டியிருப்பதால் கணக்கு மாறிவிடுமா?

மூன்றாவதாக, பெயரைக் கவனியுங்கள். அந்த உருளைகளுக்குப் பிராட்செட் வைத்த பெயர் 'ப்ரொக்ராஸ்டினேட்டர்'. நாளைக்குச் செய்யலாம், அப்புறம் செய்யலாம் என்று ஒத்திப்போடுகிற ஆசாமியை ஆங்கிலத்தில் இப்படிச் சொல்வார்கள். ஒத்திப்போடும் குணத்தைக் காலத்தைக் களவாடுகிற கள்ளனாகச் சொல்லும் வழக்கும் அந்தப் பாஷையில் வெகு நாளாக உண்டு. புத்தகத்தின் தலைப்பு 'காலத் திருடன்'. மடத்தின் யந்திரத்துக்குத் திருடனின் பெயர். இதைவிடத் தெளிவான வாக்குமூலம் எந்தக் கோர்ட்டிலும் பதிவாகியிராது. கதையில் திருடன் யார் யார் என்று தேடிக்கொண்டே போகிறோம். கண்ணாடிக் கடிகாரம் செய்கிற ஜெரமி என்கிறோம். அவனை ஏவிவிடுகிற, உயிர்களின் குழப்பத்தைச் சகிக்காத ஆடிட்டர் பூதங்கள் என்கிறோம். மிகத் துல்லியமான அந்தக் கடிகாரம் ஓடத் தொடங்கினால் காலமே நின்றுபோகும். உலகம் ஒழுங்காகச் செத்துக் கிடக்கும். ஆடிட்டர்களுக்கு அதுதான் வேண்டும். துல்லியமான கணக்கு உயிரைக் கொல்லும் என்று பிராட்செட்டுக்கு நன்றாகத் தெரிந்திருக்கிறது. கடிகாரத்தில் கண்ட குற்றத்தை அவர் உருளையில் காணவில்லை என்பதுதான் என் வழக்கு.

இதே குற்றத்தை இன்னொருவர் இருபத்தெட்டு வருஷம் முன்னதாகவே கண்டுவிட்டார். ஜெர்மனியின் மிக்கேல் எண்டே, 1973-இல் 'மோமோ' என்று குழந்தைகளுக்கான நாவல் எழுதினார். அதில் சாம்பல் நிற மனிதர்கள் வருகிறார்கள். சாம்பல் உடுப்பு, சாம்பல் தொப்பி, வாயில் சாம்பல் நிறச் சுருட்டு. காலச் சேமிப்பு பாங்க் நடத்துகிறார்கள். ஃபூஸி என்கிற நாவிதனிடம் ஒருவன் வருகிறான். எழுபது வருஷ ஆயுளுக்கு மொத்தம் 220,75,20,000 நொடி என்று கண்ணாடியில் கணக்குப் போட்டுக் காட்டுகிறான். இத்தனை தூக்கத்தில் போச்சு, இத்தனை சாப்பாட்டில் போச்சு என்று கழித்துக்கொண்டே வருகிறான். அந்த நாவிதனுக்கு வயசான தாயார். காது அநேகமாகக் கேட்காது. இவன் தினமும் ஒரு மணி நேரம் பக்கத்தில் உட்கார்ந்து அவளோடு பேசுகிறான். "இது சுத்த நஷ்டம்" என்கிற கணக்கில் அதையும் எழுதிக் கழிக்கிறான் சாம்பல்காரன். தாயாரை ஏதாவது விடுதியில் சேர்த்துவிடச் சொல்லி யோசனையும் கொடுக்கிறான். நாவிதனும் கேட்கிறான், சேமிக்கிறான், வாழ்க்கை வறண்டு போகிறது. சேமித்த நேரம் எங்கே? சாம்பல்காரனின் சுருட்டாகப் புகைந்துகொண்டிருக்கிறது.

இப்போது இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வையுங்கள். வீண் நேரம் என்று ஒன்றை அடையாளம் காண்பது, அதை எடுத்துச் சேமிப்பது, வேறிடத்தில் செலவிடுவது. எண்டே இதற்குச் சாம்பல் உடுப்பு மாட்டித் திருட்டு என்றார். பிராட்செட் காவி உடுத்தித் தொண்டு என்றார். காரியம் ஒன்றுதான். பார்க்கப்போனால் சாம்பல்காரன் ஒரு படி யோக்கியன். ஏமாற்றியாவது நாவிதனிடம் சம்மதம் வாங்குகிறான். மீனிடம் யார் கேட்டார்கள்?

பையன் பாட்டியைப் பற்றிச் சொன்னதும் எனக்கு ஏன் சுருக்கென்றது என்று இப்போது விளங்கியிருக்கும். நாவிதனின் தாயாரும் பாட்டியும் மீனும் ஒரே பேரேட்டில் ஒரே பக்கத்தில் ஏறிவிட்டார்கள்.

"கதைதானே ஐயா, எதற்கு இத்தனை ஆத்திரம்?" என்று கேட்பவர்கள் உண்டு. கதையாக மட்டும் நின்றிருந்தால் ஆத்திரம் வராது. பிராட்செட்டின் சொந்த தேசத்திலேயே இந்த மடத்துக்கு முன்னோடிகள் உண்டு. வில்லியம் வில்லெட் என்று ஒரு கட்டட கான்ட்ராக்டர். விடியற்காலையில் குதிரைச் சவாரி போவார். ஜனங்கள் ஜன்னல் திரையை இழுத்துவிட்டுக்கொண்டு தூங்குவது அவருக்குப் பொறுக்கவில்லை. 1907-இல் ஒரு பிரசுரம் வெளியிட்டார். தலைப்பே 'வெளிச்ச விரயம்' என்று பொருள்படும். கோடைக்காலத்தில் கடிகாரத்தை முன்னால் தள்ளி வைத்து அத்தனை பேரையும் சீக்கிரம் எழுப்பிவிட வேண்டும் என்று வருஷக்கணக்காகப் போராடினார். 1915-இல் அவர் இறந்தார். மறு வருஷம் யுத்தத்தின் நடுவில் சட்டம் வந்தது. அவர் கெட்டவர் இல்லை. உடல் நலத்துக்கும் சந்தோஷத்துக்கும் என்றுதான் சொன்னார். ஆனால் மற்றவன் தூக்கம் விரயம் என்று தீர்ப்புச் சொல்கிற அந்த அதிகாரத்தை அவருக்குக் கொடுத்தது யார்? குதிரைமேல் இருந்தார், அதுதான் காரணம் போலிருக்கிறது.

அட்லாண்டிக்கைத் தாண்டினால் ஃபிரெடரிக் டெய்லர். ஸ்டாப் வாட்சும் கையுமாகத் தொழிலாளியின் பின்னால் நின்றவர். 1911-இல் வெளியிட்ட தம் புத்தகத்தில் பெருமையாக ஒரு கணக்குச் சொல்கிறார். பெத்லஹெம் உருக்காலையில் இரும்புப் பாளம் சுமக்கிறவன் ஒருநாளைக்குச் சுமந்தது 12½ டன். எப்போது குனியவேண்டும், எப்போது நிமிரவேண்டும், எப்போது உட்காரவேண்டும் என்று நேரம் குறித்துக் கொடுத்து அதை 47½ டன்னாக ஆக்கினார். கூலி 1.15 டாலராக இருந்தது, 1.85 டாலராக உயர்ந்தது. பாரம் ஏறக்குறைய நாலு மடங்கு. கூலி ஒன்றரை மடங்குக்குச் சற்று மேல். நடுவில் காணாமல் போன பாக்கி எந்த உருளையில் ஏறியது, எந்த நகரத்தில் அவிழ்ந்தது என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

இதில் ஒரு பொது விதி தெரிகிறது. எடுக்கப்படுகிற நேரம் எப்போதும் ஒரே திசையில்தான் ஓடுகிறது. அமைதியான இடத்திலிருந்து அவசரமான இடத்துக்கு, பேசத் தெரியாதவனிடமிருந்து சத்தம் போடுகிறவனுக்கு, கிழவியிடமிருந்து கம்பெனிக்கு. நகரத்துக்காரன் நேரத்தைக் கொண்டுபோய் மீனுக்குக் கொடுத்ததாக எந்தச் சரித்திரத்திலும் இல்லை. ஒரே பக்கம் தாழ்கிற தராசுக்குச் சமநிலை என்று பெயர் வைத்தால் அந்த வார்த்தைக்குத்தான் அவமானம்.

மடத்துக்காக வாதாடுகிறவர்கள் சொல்லக்கூடியது ஒன்று உண்டு. அதை மறைப்பது தர்மமில்லை. கதைப்படி, கண்ணாடிக் கடிகாரம் முன்பே ஒருமுறை செய்யப்பட்டுக் காலம் உடைந்து நொறுங்கிப் போயிருக்கிறது. இந்தத் துறவிகள்தான் துண்டு துண்டாகப் பொறுக்கி ஒட்டுப் போட்டார்கள். அவர்கள் இல்லாவிட்டால் நேற்றும் இன்றும் ஒன்றோடொன்று சேராது. ஒப்புக்கொள்கிறேன். கிழிந்ததைத் தைப்பது உயர்ந்த தொழில். தையற்காரனை நான் குறை சொல்லவில்லை. தைக்கத் துணி வேண்டும் என்று தெருவில் போகிறவன் வேட்டியை உருவுகிறானே, அதைத்தான் குறை சொல்கிறேன். பழுது பார்ப்பது வேறு. பங்கீடு செய்வது வேறு. முன்னதற்கு ஊசி போதும். பின்னதற்கு அதிகாரம் வேண்டும். அதிகாரம் வந்த இடத்தில், யார் நேரம் வீண் என்கிற கேள்விக்கு எப்போதும் 'உன்னுடையது' என்பதே பதில்.

இத்தனையும் பிராட்செட்டுக்குத் தெரியாதா? தெரிந்திருக்கிறது. அவர் மூளைக்குத் தெரிந்ததைவிடக் கைக்கு அதிகம் தெரிந்திருக்கிறது. நல்ல நாவலாசிரியர்களுக்கெல்லாம் இதுதான் கதி. மடத்திலேயே மகா கெட்டிக்காரன் யார் என்று பாருங்கள். மடாதிபதியில்லை, உருளை மண்டபத்து நிபுணர்களில்லை. லூ-ட்ஸே என்கிற கிழவன். எண்ணூறு வயசு. பதவி, துடைப்பக்காரன். மண்டபத்தைப் பெருக்குவான். பெருக்குகிறவனை யாரும் கவனிப்பதில்லையாகையால் அவனுக்கு எல்லாம் தெரியும். அவன் முதலில் வருகிற 'ஸ்மால் காட்ஸ்' 1992-இல் வந்த நாவல். அதில் அவனை ஒரு தேசத்துக்கு அனுப்பி, சரித்திரம் நடக்கிறபடி நடக்கிறதா என்று பார்த்துவிட்டு மட்டும் வா என்கிறார்கள். அவனா கேட்பான்! சாகவேண்டிய ஒரு நல்லவன் சாகாமல் பிழைக்கிற மாதிரி எதையோ இப்படி அப்படி நகர்த்திவிட்டு வருகிறான். யுத்தம் நடக்கவேண்டிய நூறு வருஷம் சமாதானமாகப் போகிறது. எந்தக் கடலிலிருந்தும் ஒரு நொடியை அவன் எடுக்கவில்லை. இருந்த நேரத்துக்குள் கவனமாக இருந்தான்; அவ்வளவே.

வேடிக்கையைக் கேளுங்கள். எண்டேயின் நாவலிலும் ஒரு துடைப்பக்காரன் வருகிறான். பெப்போ. நீண்ட தெருவைப் பார்த்து மலைக்காமல், அடுத்த அடி, அடுத்த மூச்சு, அடுத்த வீச்சு என்று பெருக்கிக்கொண்டே போகிறவன். இங்கிலீஷ்காரர் ஒருவரும் ஜெர்மானியர் ஒருவரும், காலத்தை அறிந்தவன் கையில் எதைக் கொடுக்கலாம் என்று தேடி இருவரும் துடைப்பத்தையே கொடுத்திருக்கிறார்கள். மடத்துக் கணக்குப்படி பார்த்தால் பெருக்குகிறவன் நேரம் முதல் தரமான உபரி. குப்பை நாளைக்கும் விழும். பெருக்கி என்ன பயன்? ஆனால் கதை எழுதுகிறவனின் கை அந்தக் கணக்கை ஒத்துக்கொள்ளவில்லை. உருளை மண்டபத்தைக் கட்டியது பிராட்செட்டின் கெட்டிக்காரத்தனம். லூ-ட்ஸேயைப் படைத்தது அவருடைய நெஞ்சு. இரண்டுக்கும் நடுவே நான் நெஞ்சின் கட்சி.

'சும்மா' என்று நம் பாஷையில் ஒரு வார்த்தை இருக்கிறது. வேலையற்றவனுக்கும் அதைத்தான் சொல்கிறோம்; ஞானத்தின் உச்சியில் இருப்பவனுக்கும் அதைத்தான் சொல்கிறோம். பார்க்கிறவனுக்கு இரண்டும் ஒரே மாதிரி இருக்கும். வெளியே நின்று அளக்க முடியாது என்பதற்காகத்தான் நம் முன்னோர்கள் ஒரே வார்த்தையாக வைத்தார்களோ என்னவோ. ஜன்னலோரம் சும்மா உட்கார்ந்திருக்கிற ஒரு கிழவி எந்த வருஷத்தில் யாரோடு பேசிக்கொண்டிருக்கிறாள் என்று தெருவிலிருந்து பார்க்கிறவனுக்கு எப்படித் தெரியும்?

கடைசியாக ஒன்று. பிராட்செட்டின் கதை அல்ல, அவர் வாழ்க்கை. 2007 டிசம்பரில், தமக்கு மூளையைத் தின்னும் அல்ஸைமர் நோய் வந்திருப்பதாக அவரே உலகத்துக்கு அறிவித்தார். அப்போது அவருக்கு வயசு ஐம்பத்தொன்பது. எந்த மடமும் எந்தக் கடலிலிருந்தும் அவருக்கு நேரம் இறைத்துக் கொடுக்கவில்லை. விரல்கள் தட்டச்சுக்கு உதவாமற்போன பிறகு வாயால் சொல்லி எழுதினார். இருந்த நாட்களுக்குள் நாவல்களை முடித்துக்கொண்டே போனார். அறுபத்தாறாம் வயசில் காலமானார்.

முடிக்காத கதைகள் அவர் கம்ப்யூட்டர் தகட்டில் கிடந்தன. பதிப்பாளர் கண்ணுக்கு அது உபரிச் சரக்கு. வேறு யாரையாவது விட்டு முடித்துப் போட்டால் லட்சக்கணக்கில் விற்கும். ஆனால் அவர் சொல்லிவிட்டுப் போயிருந்தார், அதை ரோடு ரோலர் விட்டு நசுக்கவேண்டும் என்று. 2017 ஆகஸ்டில் இங்கிலாந்தின் டார்ஸெட் சீமையில் நீராவி யந்திரத் திருவிழா நடந்தது. அங்கே ஒரு பழைய நீராவி ரோலரை அந்தத் தகட்டின்மேல் ஓட்டினார்கள்.

காலத்தைச் சேமிக்கிற உருளைகளைக் கற்பித்த மனிதன், தன் சேமிப்பில் மிஞ்சியிருந்ததை ஓர் இரும்பு உருளையின் கீழ் வைக்கச் சொன்னான். நான் முடிக்காத நேரமும் என்னுடையதே. அதை இறைத்து இன்னொரு பாத்திரத்தில் ஊற்ற எவனுக்கும் உரிமையில்லை என்றல்லவா அதற்கு அர்த்தம்? தம் துறவிகளுக்கு எதிராக இதைவிடப் பலமான சாட்சியத்தை நான் எங்கே தேடிப் போவேன்? அவர் தமக்கென்று கேட்டுப் பெற்ற அந்த உரிமையைத்தான் நான் காட் மீனுக்கும் கேட்கிறேன். நாவிதனின் தாயாருக்கும், இரும்பு சுமந்தவனுக்கும், எங்கள் தெருப் பாட்டிக்கும் கேட்கிறேன்.

பையன் மறுபடி வருவான். அவனுக்கு நேரம் போதவில்லை என்பது பொய்யில்லை. ராத்திரித் தூக்கத்தை யாரோ எடுத்துக்கொண்டு போகிறார்கள் என்பதும் பொய்யில்லை. அதைப் பாட்டியிடமிருந்து ஈடு கட்ட நினைக்காதே, எடுத்தவனிடம் போய்க் கேள் என்று சொல்லப்போகிறேன். பாட்டியின் பத்து மணி நேரமும் அவனுக்குக் கிடைக்காத பொருளில்லை. பக்கத்தில் போய் உட்கார்ந்தால் அவளே கொடுப்பாள். காலத்தைக் கைமாற்றுவதற்கு இந்த ஒரு வழிதான் இதுவரையில் கண்டுபிடிக்கப்பட்டிருக்கிறது. அதற்கு உருளை வேண்டியதில்லை, ஒரு பலகை போதும்.